மதிப்பு என்ன போடட்டும்?

போன வருடம் சித்திரையில் ஒரு நாள் சாயங்காலம். தஞ்சாவூரில் ஒரு லாரி பார்சல் ஷெட்டில் புக்கிங் கவுண்டரில் இருந்த பையன் பேனாவைத் திறந்துகொண்டு, "மதிப்பு என்ன போடட்டும்க்கா?" என்று கேட்டான். பக்கத்தில் மரப்பெட்டிக்குள் பெரியப்பா செய்த வீணை இருந்தது. ஒரே மரத்தில் குடைந்த ஏகாந்த வீணை இல்லை, தனித்தனியாகச் செய்து சேர்க்கிற ஒட்டு வீணைதான். ஆனாலும் பண்ருட்டிப் பலாமரத்தில் குடம் குடைந்து, தண்டி என்கிற கழுத்தைச் சேர்த்து, யாளி முகம் செதுக்கி, 24 மெட்டுகளையும் மெழுகில் பதித்து, அதாவது மேளம் கட்டி, முடிக்க ஒரு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது. விலை 38,000 ரூபாய். புனேயில் வீணை கற்றுக்கொள்ளும் ஒரு குழந்தைக்குப் போகிறது. நான் வாயைத் திறப்பதற்குள் பெரியப்பா, "அஞ்சாயிரம்னு போட்டுக்கப்பா" என்றார். பையன் எழுதினான், நான் கையெழுத்துப் போட்டேன், வாடகை 1,400 ரூபாயைக் கட்டிவிட்டு எல்.ஆர். என்கிற லாரி ரசீதின் நகலை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டோம்.

ஒன்பதாவது நாள் புனேயிலிருந்து படம் வந்தது. குடமும் தண்டியும் சேரும் இடத்தில் ஒரு விரல் நுழையும் அளவுக்கு வாய் பிளந்திருந்தது. யாளியின் கீழ்த்தாடை தனியாகக் கிடந்தது. அந்தக் குழந்தையின் அம்மா போனில் பேசும்போது அழுதுவிட்டார். பெரியப்பா ஒன்றும் சொல்லாமல் படத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தார், அப்புறம் பட்டறைக்குள் போய்விட்டார். அன்று ராத்திரி சாப்பிட வரவில்லை.

நான் கணக்கு எழுதும் வேலை பார்ப்பவள். வீட்டில் காகிதம் சம்பந்தப்பட்டது எல்லாம் என் தலையில்தான் விழும். அதனால் பார்சல் கம்பெனிக்கு எழுதினேன். மூன்று வாரம் கழித்து பதில் வந்தது: 5,000 ரூபாய் தருகிறோம், முழுத் தீர்வாக ஏற்றுக்கொண்டதாகக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். எனக்கு வந்த கோபத்தில் அந்தக் கடிதத்தைக் கிழித்திருப்பேன். கிழிக்காமல் கும்பகோணத்தில் வக்கீலாக இருக்கும் மாமாவிடம் கொண்டுபோனேன். அவர் கடிதத்தைப் படிக்கவே இல்லை. "முதல்ல சீட்டக் காட்டும்மா" என்றார். பார்த்துவிட்டு, "அவன் சட்டப்படிதான் சொல்லியிருக்கான்" என்றார். அன்றிலிருந்து இந்த விஷயத்தை உட்கார்ந்து படித்தேன். டெல்டாவில் வீணை, குத்துவிளக்கு, தஞ்சாவூர் ஓவியம், திருபுவனம் பட்டு, நாதஸ்வரம் என்று கையால் செய்து வெளியூருக்கு அனுப்பிப் பிழைக்கிற குடும்பங்கள் எத்தனையோ இருக்கின்றன. அவர்களில் ஒருவராவது அடுத்த முறை கவுண்டரில் பேனா திறக்கும்போது ஒரு நிமிடம் நின்று யோசித்தால் போதும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

லாரி, பார்சல் சர்வீஸ், கூரியர் எல்லாவற்றுக்கும் இப்போது இருக்கிற சட்டம் 2007ஆம் ஆண்டின் சாலைவழிச் சரக்குப் போக்குவரத்துச் சட்டம். 2011 மார்ச் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. வீடு தேடி வந்து கொடுக்கிற கூரியர் ஏஜென்சியும் இதற்குள் வரும் என்பது பலருக்குத் தெரியாது. அதன் 10ஆம் பிரிவு, சரக்கு தொலைந்தாலோ உடைந்தாலோ ஏற்றிச் சென்றவர் தரவேண்டிய தொகைக்கு ஒரு வரம்பு வைக்கிறது. அந்த வரம்பு எவ்வளவு என்பதை 2011 விதிகள் சொல்கின்றன: கட்டிய வாடகையைப் போலப் பத்து மடங்கு. இத்தோடு நின்றிருந்தால் எங்களுக்கு 1,400 பெருக்கல் 10, அதாவது 14,000 ரூபாய் கிடைத்திருக்கும். ஆனால் அதே விதியில் அடுத்த வரி, அந்தத் தொகை அனுப்புகிறவர் சீட்டில் அறிவித்த மதிப்பைத் தாண்டக்கூடாது என்கிறது. நாங்கள் அறிவித்தது 5,000. பொருளின் விலைக்கும் கிடைத்த தொகைக்கும் நடுவில் 33,000 ரூபாய் போனது. அதில் 9,000 பெரியப்பா வாயிலிருந்து வந்த அந்த ஒரு சொல்லால் மட்டுமே போனது. உண்மையான மதிப்பை எழுதியிருந்தால், வேறு எதுவுமே செய்யாமல், கூட ஒரு பைசா கட்டாமல், 14,000 வந்திருக்கும். இதை மாமா ஒரு பழைய உறையின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுக் காட்டியபோது எனக்கு வயிறு எரிந்தது.

இந்தப் பத்து மடங்கைத் தாண்டுவதற்கும் அதே சட்டம் வழி வைத்திருக்கிறது. 11ஆம் பிரிவு. கூடுதல் ரிஸ்க்குக்கான கட்டணத்தைக் கட்ட அனுப்புகிறவர் வெளிப்படையாக ஒப்புக்கொண்டால், பத்து மடங்கு வரம்பு போய்விடும், அப்புறம் பேச்செல்லாம் அறிவித்த மதிப்பைப் பற்றித்தான். அந்தக் கூடுதல் கட்டணம் எவ்வளவு என்பதை ஆங்கிலத்திலும் அந்தந்த மாநில மொழியிலும் எழுதி, தொழில் நடக்கிற இடத்தில் வைத்திருக்க வேண்டும் என்று அந்தப் பிரிவிலேயே இருக்கிறது. தஞ்சாவூரிலும் கும்பகோணத்திலுமாக இதற்காகவே ஐந்தாறு ஷெட்களுக்குப் போய்ப் பார்த்தேன். சாமி படம் இருந்தது, காலண்டர் இருந்தது, 'வெடிபொருள் ஏற்கப்படாது' என்ற பலகை இருந்தது. இந்தக் கூடுதல் கட்டணப் பலகையை மட்டும் நான் எங்கும் பார்க்கவில்லை. ஒரே ஒரு இடத்தில் கேட்டதும் மேனேஜர் உள்ளே போய் ஒரு அச்சடித்த தாளை எடுத்து வந்து காட்டினார், ஆங்கிலத்தில் மட்டும்.

சரி, நாம் ஏன் குறைத்து எழுதுகிறோம்? பெரியப்பாவிடம் கேட்டேன். "எங்கப்பா காலத்துலேருந்து அப்படித்தான் பாப்பா. கூடப் போட்டா வரிக்காரன் பிடிப்பான், வழியில நிறுத்துவான், வாடகையும் ஏத்துவான்." இந்த மூன்று பயமும் ஊர் முழுக்க இருக்கிறது. விளக்குக் கடையில் கேட்டாலும் பட்டுக் கடையில் கேட்டாலும் இதே பதில்தான். ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தேன். ஜி.எஸ்.டி.யில், கையால் செய்யப்பட்ட நம் நாட்டு இசைக்கருவிகளுக்கு வரியே கிடையாது, வீணைக்கு வரி பயமே வேண்டாம். வரிவிலக்குப் பொருளுக்கு, சரக்கோடு போகவேண்டிய ஆன்லைன் சீட்டான இ-வே பில்லும் தேவையில்லை. மற்ற பொருள்களுக்கும் பொதுவாக, மாநிலம் தாண்டும்போது 50,000 ரூபாய்க்கு மேல் போனால்தான் அது வேண்டும், தமிழ்நாட்டுக்குள்ளே என்றால் ஒரு லட்சத்துக்கு மேல். பில்லோடு அனுப்புகிற சரக்கை வழியில் நிறுத்தினால் பில்லைக் காட்டிவிட்டுப் போகலாம், பில்லில் ஒரு தொகையும் சீட்டில் ஒரு தொகையும் இருந்தால்தான் சிக்கல். வாடகை ஏறுமா? கூடுதல் ரிஸ்க் கட்டணம் கேட்டால் ஏறும், அது உண்மை. ஆனால் சும்மா உண்மையான மதிப்பை எழுதுவதற்காக எங்களிடம் இதுவரை யாரும் வாடகையை ஏற்றியதில்லை. அப்புறம், சீட்டில் எழுதியிருக்கும் விவரம் சரி என்பதற்கு அனுப்புகிறவர்தான் பொறுப்பு. பொய்யாக எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு, உடைந்த பிறகு "இல்லை, 38,000" என்று எந்த மன்றத்தில் போய்ச் சொல்வது? மாமா கேட்டதும் அதைத்தான்.

மதிப்பை முதலிலேயே சொல்லு என்பது புதிதாக வந்த நிபந்தனையும் இல்லை. இந்தச் சட்டத்துக்கு முன்னால் இருந்தது 1865ஆம் ஆண்டுச் சட்டம், வெள்ளைக்காரன் போட்டது, 2011 வரை உயிரோடு இருந்தது. அதன் பின்னால் ஓர் அட்டவணை உண்டு: தங்கம், வெள்ளி, பட்டு, கண்ணாடி, கலைப்பொருள், இசைக்கருவி என்று போகும். அதில் இருக்கிற பொருள் 100 ரூபாய்க்கு மேல் மதிப்புள்ளதாக இருந்தால், அது என்ன, எவ்வளவு பெறும் என்று முன்கூட்டியே சொல்லியிருந்தால்தான் அது தொலைந்ததற்கோ கெட்டதற்கோ நஷ்டம் கேட்கலாம். எங்கள் தாத்தா வீணை அனுப்பிய காலத்திலும் விதி இதுதான். அவருக்கு யாரும் சொல்லவில்லை.

இப்போது அந்த ரப்பர் ஸ்டாம்ப் விஷயம். எல்.ஆரின் மேல் மூலையில் 'அட் ஓனர்ஸ் ரிஸ்க்' என்று ஊதா மையில் அடித்துத் தருவார்கள். உடைந்தால் உன் பாடு என்று அர்த்தம், இதற்கு மேல் கேட்க முடியாது என்று கவுண்டரிலேயே சொல்வார்கள், நாமும் நம்பிக்கொண்டு வருவோம். அது அப்படி இல்லை. 2000ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தில் நாத் பிரதர்ஸ் என்ற ஏற்றுமதி நிறுவனத்தின் வழக்கு வந்தது. குடோனில் இருந்த சரக்கு தீயில் போய்விட்டது. ஏற்றிச் செல்பவர் இன்ஷூரன்ஸ்காரரைப் போலவே பொறுப்பானவர், ஓனர்ஸ் ரிஸ்க் என்று எழுதியிருப்பதாலேயே அவருடைய கவனக்குறைவுக்கான பொறுப்பு போய்விடாது என்றது நீதிமன்றம். பழைய சட்டத்தின் 9ஆம் பிரிவுப்படியும், இப்போதைய சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படியும், கவனக்குறைவு இருந்தது என்று நாம் நிரூபிக்கவேண்டிய அவசியமும் இல்லை. பொருளை நல்லபடியாக ஒப்படைத்தேன், அது வந்து சேரவில்லை அல்லது உடைந்து வந்தது என்று காட்டினால் போதும். லாரிக்குள் என்ன நடந்தது, எந்த ஊரில் பெட்டியைத் தூக்கி எறிந்தார்கள் என்று தஞ்சாவூரில் உட்கார்ந்திருப்பவர் எப்படி நிரூபிப்பது? அந்த நியாயம் நீதிமன்றங்களுக்குப் புரிந்திருக்கிறது. ஸ்டாம்பைப் பார்த்துப் பயந்து பேசாமல் வந்துவிடாதீர்கள்.

புதிய சட்டத்தின் 17ஆம் பிரிவு எதற்கெல்லாம் பொறுப்பு இல்லை என்பதை ஒரு சின்னப் பட்டியலாகச் சொல்கிறது. கடவுள் செயல், போர், கலவரம், சட்டப்படி நடக்கும் பறிமுதல், அரசின் தடை உத்தரவு. இவ்வளவுதான். இதிலும் தகுந்த கவனத்தோடு இருந்திருந்தால் தவிர்த்திருக்கலாம் என்றால் தப்பிக்க முடியாது. எங்கள் பக்கத்தில் இந்தக் கடவுள் செயல் என்ற சொல்லைக் கொஞ்சம் உற்றுப் பார்க்கவேண்டும். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையில் கரையைக் கடந்தபோது வீட்டுக் கூரையே பறந்தது, தென்னந்தோப்புகள் படுத்துவிட்டன. அன்று ஒரு ஷெட்டின் கூரை போய்ச் சரக்கு நனைந்திருந்தால் யாரும் வாதாடப் போவதில்லை. ஆனால் ஐப்பசியில் மழை பெய்வது என்ன அதிசயம்? காவிரிக் கரையில் ஒவ்வொரு வருடமும் வருகிற வடகிழக்குப் பருவமழையில், ஷெட்டின் வெறும் தரையில் பலகை போடாமல் அடுக்கி, கீழ் வரிசைப் பெட்டிகள் தண்ணீர் குடித்தால் அது கடவுள் செயலா? பலகை போடாதவர் செயல்தான் அது. பட்டுக்காரர்கள் இதைக் கட்டாயம் தெரிந்துவைத்திருக்க வேண்டும்.

கூரியர் உறையின் பின்னால் எறும்பு எழுத்தில் அச்சடித்திருக்கிற நிபந்தனைகள் வேறு ஒரு கதை. 1990ஆம் ஆண்டு மே மாதம், பாரதி நிட்டிங் என்ற கம்பெனி ஜெர்மனியில் துணி வாங்குகிறவருக்கு ஆவணங்களைக் கூரியரில் அனுப்பியது. உறை போய்ச் சேரவில்லை. மறுபடி நகல் அனுப்புவதற்குள் அங்கே கோடைக்கால விற்பனையே முடிந்துவிட்டது, வாங்கியவர் விலையைக் குறைத்துவிட்டார், லட்சக்கணக்கில் நஷ்டம். கடைசியில் 1996இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்த தொகை 100 டாலர். சீட்டில் பொறுப்பு வரம்பு 100 டாலர் என்று இருந்தது, கம்பெனி கையெழுத்துப் போட்டிருந்தது. அதற்கப்புறம் வந்த பல வழக்குகளில் தேசிய நுகர்வோர் ஆணையம், அனுப்புகிறவர் கையெழுத்துப் போடாத, அவருக்கு எடுத்துச் சொல்லாத நுண்ணெழுத்து நிபந்தனை அவரைக் கட்டுப்படுத்தாது என்று சொல்லியிருக்கிறது. ஆக, கையெழுத்துப் போடும் அந்த இடம் அவ்வளவு முக்கியம். அவசரப்படுத்தினாலும் வரம்பு எவ்வளவு என்று கேட்டுவிட்டுப் போடுங்கள்.

மற்ற வழிகளில் அனுப்பினால் என்ன ஆகும் என்பதையும் எங்கள் வீணைப் பெட்டியை வைத்தே கணக்குப் போட்டுப் பார்த்தேன். பெட்டியோடு 22 கிலோ. ரயில் பார்சலில் மதிப்பை அறிவிக்காமல் அனுப்பினால் 1990ஆம் ஆண்டு விதிப்படி கிலோவுக்கு 50 ரூபாய், ஆக 1,100 ரூபாயோடு முடிந்தது. பயணிகள் லக்கேஜாக புக் செய்தால் கிலோவுக்கு 100. அங்கேயும் மதிப்பை அறிவித்து, அதற்கான சதவீதக் கட்டணம் கட்டினால் வரம்பு உயரும். தபாலில் நிலைமை இன்னும் குறுகல். 1898ஆம் ஆண்டுச் சட்டமும் சரி, அதன் இடத்தில் 2024 ஜூன் 18 முதல் நடைமுறையில் இருக்கிற புதிய அஞ்சல் சட்டமும் சரி, விதிகளில் ஏற்றுக்கொண்ட அளவைத் தவிர இலாகாவுக்குப் பொறுப்பு இல்லை என்றுதான் சொல்கின்றன. ஸ்பீடு போஸ்ட்டில் தொலைந்தால் கட்டிய கட்டணத்தைப் போல இரண்டு மடங்கு அல்லது 1,000 ரூபாய், எது குறைவோ அது. வெளிநாட்டுக்கு விமானத்தில் போனால் 1999ஆம் ஆண்டு மாண்ட்ரியல் உடன்படிக்கை, அதுவும் எடைக் கணக்குதான். எடை பார்த்து நஷ்டம் கொடுக்கிற எந்த முறையும் நம்மைப் போன்றவர்களுக்கு ஒத்துவராது. தங்க ரேக்கு ஒட்டிய ஒரு சின்ன ஓவியம் என்ன எடை இருக்கும்?

நியூஜெர்சியில் இருக்கும் அத்தை பையன் ஒரு சுருதிப் பெட்டியை அங்கேயே வேறு ஊருக்கு அனுப்பும்போது இதைப் பற்றிப் பேசினோம். அங்கே பெரிய கம்பெனிகளான யூ.பி.எஸ்., ஃபெடெக்ஸ் இரண்டிலும், நாம் எதுவும் சொல்லாவிட்டால் பொறுப்பு 100 டாலர்தான். அதற்கு மேல் வேண்டுமென்றால் மதிப்பை அறிவித்துக் கூடுதல் கட்டணம் கட்டவேண்டும். அப்படிக் கட்டினாலும் அது இன்ஷூரன்ஸ் இல்லை, கம்பெனியின் பொறுப்பு வரம்பை உயர்த்துவது மட்டும்தான், நஷ்டம் எவ்வளவு என்பதை பில்லோடு காட்டவேண்டும். கடல் தாண்டியும் கவுண்டரில் கேட்கிற கேள்வி ஒன்றேதான்.

இந்த வித்தியாசத்தைக் கொஞ்சம் நின்று சொல்லவேண்டும், ஏனென்றால் இங்கேதான் நிறைய பேர் ஏமாந்துபோகிறார்கள். ஏற்றிச் செல்பவரின் பொறுப்பு வேறு, இன்ஷூரன்ஸ் வேறு. முன்னது அவர் வாங்கிய வாடகையோடு ஒட்டிய ஒரு கடமை, அதற்கு வரம்பு உண்டு. பின்னது நாம் ஓர் இன்ஷூரன்ஸ் கம்பெனியோடு தனியாகச் செய்துகொள்ளும் ஒப்பந்தம். பில்லில் 'எஃப்.ஓ.வி.' என்று ஒரு வரி இருக்கும், மதிப்பின் மேல் ஒரு சின்ன சதவீதம் போட்டிருப்பார்கள். அதைக் கட்டிவிட்டால் இன்ஷூரன்ஸ் ஆகிவிட்டது என்று நானே இரண்டு வருடம் நினைத்திருந்தேன். இன்ஷூரன்ஸ் என்றால் ஒரு இன்ஷூரன்ஸ் கம்பெனியின் பெயரும் பாலிசி எண்ணும் உள்ள சான்றிதழ் கையில் வரவேண்டும். வரவில்லை என்றால் நீங்கள் கட்டியது வேறு எதற்கோ. எதற்கு என்று எழுதி வாங்குங்கள்.

லாரியில் போகிற சரக்குக்கான பாலிசியையும் 'மரைன்' என்றுதான் சொல்வார்கள், கடல் கப்பல் காலத்துப் பெயர். ஒரு பயணத்துக்கு மட்டும் எடுக்கலாம், அடிக்கடி அனுப்புகிறவர்கள் வருடத்துக்கு ஓப்பன் பாலிசி எடுத்துவிட்டு ஒவ்வொரு சரக்கையும் தெரிவித்துக்கொண்டே போகலாம். உள்நாட்டுப் போக்குவரத்துக்கான ஷரத்துகளில் 'ஏ' என்பது பெரும்பாலான விபத்துச் சேதங்களுக்கும் பொருந்தும். 'பி' என்பது தீ, வண்டி மோதுவது, கவிழ்வது போன்ற எண்ணிச் சொன்ன காரணங்களுக்கு மட்டும். வண்டி கவிழாமல், யாரோ பெட்டியைத் தலைகீழாகப் போட்டதால் தண்டி விட்டுப்போனால் 'பி' உதவாது. விலை மலிவு என்று அதை எடுத்துவிடாதீர்கள். எங்களுக்குச் சொன்ன பிரீமியம் வீணையின் விலையில் ஒரு சதவீதத்துக்கும் கீழே. அந்தப் புனே வீணைக்கு 400 ரூபாய்கூட ஆகியிருக்காது.

'ஏ'யிலும் விலக்குகள் உண்டு. பேக்கிங் போதாமல் உடைந்தால் கிடையாது. தாமதத்தால் வந்த நஷ்டம் கிடையாது. பொருளின் சொந்தக் குணத்தால் வருகிற கேடும் கிடையாது. இந்த மூன்றாவதைப் படித்தபோது எனக்கு உடனே மெழுகு ஞாபகம் வந்தது. வீணையின் மெட்டுகள் கரித்தூள் கலந்த தேன்மெழுகில்தான் நிற்கின்றன. அக்னி நட்சத்திரத்தில் மூடிய லாரிக்குள் நாலு நாள் கிடந்தால் மெழுகு இளகும், மெட்டு சாயும், சுருதி போகும். யாரும் எறியவில்லை, எதுவும் மோதவில்லை, மெழுகின் குணம் அது. இதற்கு இன்ஷூரன்ஸில் கேட்க முடியாது. வெற்றிலைக்கும் இதே கதைதான், வாடுவது அதன் இயல்பு. இதற்குப் பெரியப்பா ஒரே பதில்தான் வைத்திருக்கிறார்: சித்திரை, வைகாசியில் தூரத்துக்கு அனுப்பாதே.

உடைந்து வந்துவிட்டால் என்ன செய்வது என்பதில் எங்கள் தரப்பில் நடந்த இன்னொரு தவறையும் சொல்லவேண்டும். புனேயில் பெட்டியின் மூலை நசுங்கித்தான் வந்திருக்கிறது. அவர்கள் பாவம், சந்தோஷத்தில் டெலிவரி சீட்டில் கையெழுத்து மட்டும் போட்டு வாங்கிக்கொண்டார்கள். கையெழுத்துக்கு மேலே 'பெட்டி நசுங்கியுள்ளது, உள்ளே பார்க்கவில்லை' என்று ஒரு வரி எழுதியிருக்கவேண்டும். முடிந்தால் ஓப்பன் டெலிவரி கேட்டு, டெலிவரி ஆளின் எதிரிலேயே பிரித்திருக்கவேண்டும். அந்த ஒரு வரி இல்லாததால் கம்பெனி முதலில், பெட்டியை அவர்கள்தான் கீழே போட்டார்கள் என்றுகூடச் சொல்லிப் பார்த்தது. நல்லவேளை, பிரிக்கும்போது குழந்தையின் அப்பா வீடியோ எடுத்திருந்தார். பெட்டியையும் வைக்கோலையும் நுரையையும் தூக்கிப் போடாமல் வைத்திருந்தார்கள். நாச்சியார்கோவிலில் விளக்குப் பட்டறை வைத்திருக்கும் சித்தப்பாவுக்கு ஒருமுறை விளக்கு போய்ச் சேர்ந்தபோது மேலே வைக்கிற அன்னம் மட்டும் காணவில்லை. அங்கே அவரைக் காப்பாற்றியது எடை. புக்கிங்கில் எழுதிய எடையும் டெலிவரியில் நிறுத்த எடையும் மாறியிருந்தன, கம்பெனி மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொண்டது. எடையைச் சீட்டில் சரியாக எழுதச் சொல்லுங்கள், 'ஒரு பெட்டி' என்று மட்டும் விடாதீர்கள்.

காலக்கெடு ரொம்ப முக்கியம். சாலை வழியில் அனுப்பியது என்றால் 16ஆம் பிரிவுப்படி, வழக்குப் போடுவதற்கு முன்னால் எழுத்துமூலம் நோட்டீஸ் கொடுத்திருக்கவேண்டும், அதுவும் 180 நாளுக்குள். அந்த 180 நாள் புக்கிங் தேதியிலிருந்து ஓடுகிறது, பெட்டி உடைந்து வந்த நாளிலிருந்து இல்லை. கஸ்டமர் கேரில் பேசினேன், வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினேன், பார்க்கிறோம் பார்க்கிறோம் என்றார்கள் என்று நாலைந்து மாதம் ஓட்டிவிட்டு உட்கார்ந்துவிட்டால் கதை முடிந்தது. பதிவுத் தபால் இப்போது ஸ்பீடு போஸ்ட்டோடு சேர்ந்துவிட்டது, 2025 செப்டம்பர் முதல், அதனால் ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி ரசீதை வையுங்கள். ரயிலுக்குப் பொருளை ஒப்படைத்த நாளிலிருந்து ஆறு மாதம். வெளிநாட்டு விமானச் சரக்கு சேதமாகி வந்தால் வாங்கியதிலிருந்து 14 நாள்தான். இன்ஷூரன்ஸ் எடுத்திருந்தாலும் ஏற்றிச் சென்றவருக்கு இந்த நோட்டீஸைக் கொடுக்கத்தான் வேண்டும், ஏனென்றால் நமக்குப் பணம் கொடுத்துவிட்டு இன்ஷூரன்ஸ் கம்பெனி நம் உரிமையை வாங்கிக்கொண்டு அவரிடம் போய்க் கேட்கும். நாம் அந்த வழியை அடைத்துவிட்டால் நம் க்ளெய்மிலேயே கை வைப்பார்கள்.

அதற்கு மேல் நுகர்வோர் ஆணையம். இரண்டு வருடத்துக்குள் போகவேண்டும். 2019ஆம் ஆண்டுச் சட்டப்படி நாம் குடியிருக்கிற மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம், கம்பெனியின் தலைமையகம் மும்பையில் இருந்தாலும் தஞ்சாவூரில் போடலாம். கட்டிய தொகை ஐந்து லட்சம் வரை என்றால் கட்டணம் இல்லை. நீங்கள் வியாபாரி, நுகர்வோர் இல்லை என்று எதிர்த்தரப்பு சொல்லும். சொந்தக் கையால் உழைத்துப் பிழைப்பதற்காக மட்டும் வாங்கிப் பயன்படுத்துகிறவர் நுகர்வோர்தான் என்று சட்டத்திலேயே விளக்கம் இருக்கிறது, பட்டறைக்காரர்களும் நெசவாளர்களும் அதை எடுத்துச் சொல்லலாம். 1915 என்ற எண்ணில் தேசிய நுகர்வோர் உதவி மையத்தில் தமிழிலும் பேசலாம்.

நாங்கள் ஆணையத்துக்குப் போகவில்லை. எங்கள் கையெழுத்தின் மேலேயே 5,000 என்று இருந்தது. அந்தப் பணத்தை வாங்கிக்கொண்டோம். புனே குழந்தைக்குப் பெரியப்பா வேறு வீணை செய்து கொடுத்தார், பணம் வாங்கவில்லை. அவர்கள் பாதியாவது தருகிறோம் என்று எவ்வளவோ சொன்னார்கள், "பொருள் கைக்கு நல்லபடியா வந்து சேர்ந்தாத்தான் வித்ததா அர்த்தம்" என்று சொல்லிவிட்டார்.

இந்த முறை தை கடைசியில், வெயில் ஏறுவதற்கு முன்னால் புக் செய்தோம். தந்திகளைத் தளர்த்தி, சுரைக்காயைக் கழற்றித் தனியாகச் சுற்றி, குடத்துக்கும் தண்டிக்கும் கீழே நுரை வெட்டிப் பொருத்தி, பெட்டியை மூடுவதற்கு முன் நாலு பக்கமும் படம் எடுத்தேன். ஒரு பயணத்துக்கான பாலிசி முந்தின நாளே கையில் இருந்தது. ஷெட்டில் அதே பையன், அதே பேனா. பெரியப்பா என் முகத்தைப் பார்த்தார், அப்புறம் அவரே "முப்பத்தெட்டாயிரம். அப்படியே போடுப்பா" என்றார். "ஐயா, அவ்வளவு போடணுமா?" என்று பையன் ஒருமுறை கேட்டான். "செஞ்சது நான்தானே, எனக்குத் தெரியாதா அதோட மதிப்பு" என்றார் பெரியப்பா. நான் எல்.ஆரைப் படம் எடுத்துவிட்டு, வீட்டுக்கு வந்ததும் காலண்டரில் 180ஆவது நாளை எண்ணி ஒரு வட்டம் போட்டேன்.

ஏழாம் நாள் சாயங்காலம் புனேயிலிருந்து போன் வந்தது. டெலிவரி ஆளை நிறுத்திவைத்துப் பிரித்திருக்கிறார்கள், கீறல்கூட இல்லை. பன்னிரண்டாவது மெட்டு மட்டும் லேசாகச் சாய்ந்திருக்கிறதாம். பெரியப்பா போனை ஸ்பீக்கரில் போட்டு, ஒரு கரண்டியை எப்படிச் சூடு பண்ணி மெழுகின் ஓரத்தில் வைப்பது என்று அரை மணி நேரமாகச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார்.